சார்ட்டில் ஏறாத கவலை

வயிற்றில் அறுவை முடிந்து மூன்றாம் நாள். நாடி, பி.பி., ஆக்சிஜன் எல்லாம் சரியாகத்தான் இருந்தன. ஆனால் மாலை வரை பேத்தியைப் பற்றி ஓயாமல் பேசிய பெரியவர், இரவில் வாய் திறக்காமல் போர்வை ஓரத்தைத் திருகிக்கொண்டே கிடந்தார். மூன்று முறை போய்ப் பார்த்துவிட்டு டூட்டி டாக்டரை எழுப்பினேன். "என்ன மாற்றம், சிஸ்டர்?" என்று கேட்டார். காட்டுவதற்கு என்னிடம் எண் எதுவும் இல்லை. "ஆள் சரியாக இல்லை, டாக்டர்" என்றேன். விடிவதற்குள் அவரை ஐ.சி.யு.வுக்கு மாற்ற வேண்டியதாயிற்று.

நான் மூன்று முறை போனது, காய்ச்சல், நாடி, மூச்சு குறிக்கும் டி.பி.ஆர். சார்ட்டில் இல்லை. நானும் எழுதவில்லை.

நியூயார்க்கின் கொலம்பியா பல்கலைக்கழகத்தில் ஆய்வு செய்யும் சாரா ரொசெட்டியைப் பற்றிப் படித்தபோது அந்த இரவுதான் நினைவுக்கு வந்தது. அவரும் நர்ஸ்தான். 1970களில் ஸ்டான்ஃபோர்டில் உருவான மைசின் என்ற கணினி நிரல், மருத்துவர்களின் அறிவைச் சில நூறு விதிகளாக வாங்கிக்கொண்டது. வாயால் சொல்ல முடிந்தது மட்டுமே அதற்குள் போனது. ரொசெட்டி குழுவின் 'கன்சர்ன்' (கவலை) என்ற கருவி வேறு வழியில் போகிறது. குறித்த நேரத்துக்கு மேல் நர்ஸ் எப்போது மறுபடி பி.பி. பார்த்தார், நடு இரவில் எப்போது குறிப்பு எழுதினார் என்ற தடங்களைச் செயற்கை நுண்ணறிவு கவனிக்கிறது. நர்ஸின் கவலையையே அறிகுறியாகக் கொள்கிறது. அமெரிக்காவில் 60,000க்கும் மேற்பட்ட நோயாளிகளிடம் நடந்த சோதனையின் முடிவு 2025இல் வெளிவந்தது: கருவி இருந்த பிரிவுகளில் இறப்பு அபாயம் 35.6 சதவீதம் குறைவு.

படித்துவிட்டு அழுதேன். இத்தனை வருடமாக 'வெறும் சந்தேகம்' என்று நானே ஒதுக்கியதை ஒருவர் அறிவு என்று எண்ணிக் கணக்கில் சேர்த்திருக்கிறார்.

கூடவே பயமும் வந்தது. முப்பது கட்டிலுக்கு ஒருத்தி என்றால் இரண்டாம் முறை யார் போய்ப் பார்ப்பது? போகாத நடைக்குத் தடம் ஏது? அந்த வெறுமையைக் கருவி 'நோயாளி நலம்' என்றுதானே எடுத்துக்கொள்ளும்? கருவி வந்துவிட்டது, ஆளைக் குறைக்கலாம் என்று எந்த நிர்வாகமாவது நினைத்தால், அது கருவியின் கண்ணையே பிடுங்குகிறது.

எங்கள் வார்டில் அப்படிக் கருவி எதுவும் இல்லை. ஆனாலும் ஷிப்ட் மாறும்போது இளம் நர்ஸ்களிடம் தங்கள் கவலையையும் எழுதச் சொல்கிறேன். போன வாரம் ஒருத்தி கேட்டாள்: "கவலையை எந்தக் கட்டத்தில் எழுதுவது, அக்கா? கட்டமே இல்லையே."

நர்ஸ் குறிப்பைத் திருப்பி, ஓரத்தில் நானே எழுதிக் காட்டினேன்: 'இரவு 2.10. பேசவில்லை. போர்வையைத் திருகுகிறார். மறுபடி பார்த்தேன்.'