நீலக் கேட்டில் ஒட்டிய தாள்

போன மார்கழியில் ஒரு பின்னேரம், மழை சற்று விட்டிருந்த நேரம், மட்டக்களப்பில் களுவாஞ்சிகுடிப் பக்கம் இருக்கிற ஒரு அக்கா வாட்ஸ்அப்பில் படம் ஒன்று அனுப்பினார். "தங்கச்சி, இது உங்கட மச்சாள்ட பேர்தானே? கேட்டில ஒட்டிட்டுப் போறாங்க." நீல நிறக் கேட், அதில் பசை காயாத ஒரு தாள், ஒரு மூலை ஈரத்தில் சுருண்டிருந்தது. பெரிதாக்கிப் பார்த்தேன். எதிராளி என்ற சொல்லுக்குப் பக்கத்தில் மச்சாளின் முழுப்பெயர். விவாகரத்து வழக்கு நடந்து, தீர்ப்பும் எழுதியாகிவிட்டது. மச்சாள் அந்த நேரம் குவைத்தில் யாரோ வீட்டில் மதியச் சாப்பாட்டுப் பாத்திரம் கழுவிக்கொண்டிருந்தாள்.

அந்தக் கேட் அவளுடைய மாமியார் வீட்டுக் கேட். கலியாணம் முடித்து மூன்று மாதம் அங்கே இருந்தார்கள், பிறகு எங்கள் பக்கத்து வழக்கப்படி மச்சாளின் சீதன வீட்டுக்கு வந்துவிட்டார்கள், பிள்ளைகள் பிறந்ததெல்லாம் இங்கேதான். ஆனால் வழக்கில் அவளுடைய கடைசி விலாசமென்று மனிசன் எழுதிக் கொடுத்தது மாமியார் வீட்டை. பதிவுத் தபால் அங்கே போனது, பிறகு அழைப்பாணையை அந்தக் கேட்டில் ஒட்டினார்கள், தவணைக்கு ஒருவரும் வரவில்லை, ஒருதலைப்பட்சமாக விசாரணை முடிந்தது. காரணம்? மனைவி வன்மமாகக் கைவிட்டுப் போய்விட்டாளாம். வெளிநாட்டு ஏஜென்சிக்குக் கூட்டிக்கொண்டு போனதே அவர்தான்.

செய்தி பரவியதும் மாமா ஒருவர் போன் எடுத்தார். இந்தியச் சட்டத்தரணிகளின் யூடியூப் வீடியோக்களைப் பார்த்துப் பார்த்து அவர் பாதிச் சட்டத்தரணி ஆகிவிட்டார். "13பி போட்டா ஆறு மாதத்தில முடியும், இதுக்கேன் சண்டை?" என்றார். 1955ஆம் ஆண்டின் இந்து திருமணச் சட்டம் இந்தியாவினுடையது. இருவரும் சம்மதித்துப் பிரிய 13பி அங்கே வழி வைத்திருக்கிறது, அந்த ஆறு மாதக் காத்திருப்பைக்கூடத் தேவைப்பட்டால் தளர்த்தலாமென்று அவர்களுடைய உச்ச நீதிமன்றம் 2017இல் சொன்னது. இங்கே இலங்கையில் இந்துக்களுக்கென்று தனி விவாகரத்துச் சட்டமே கிடையாது. காத்தான்குடியில் முஸ்லிம் ஆட்களுக்குக் காதி நீதிமன்றம் இருக்கிறது. எங்களுக்கு 1907ஆம் ஆண்டின் திருமணப் பதிவுக் கட்டளைச் சட்டமும் மாவட்ட நீதிமன்றமும்தான். அதில் காரணங்கள் மூன்று: பிறர்மனைத் தொடர்பு, வன்மமாகக் கைவிடல், திருமண நேரத்திலேயே இருந்த குணப்படுத்த முடியாத ஆண்மைக் குறைவு போன்ற இயலாமை. இருவருக்கும் சம்மதம் என்பது அந்தப் பட்டியலில் இல்லை.

எனக்கு எரிச்சல் இந்த இடத்தில்தான். சம்மதித்துப் பிரிகிறவர்களும் யாரோ ஒருவர் கைவிட்டதாகக் கதை கட்ட வேண்டியிருக்கிறது, மற்றவர் தவணைக்கு வராமல் வீட்டில் இருக்க வேண்டியிருக்கிறது. எதிராளி வராத விவாகரத்து வழக்கு என்றால் யாருக்கும் புருவம் உயராது. அந்தக் கூட்டத்துக்குள், உண்மையிலேயே ஒன்றும் தெரியாமல் பாத்திரம் கழுவிக்கொண்டிருக்கிற ஒருத்தியை எப்படிக் கண்டுபிடிப்பது? வழக்காளி கூண்டில் ஏறிச் சாட்சி சொல்லத்தான் வேண்டும், சரி, ஆனால் குறுக்கு விசாரணை செய்ய எதிரில் ஆள் இல்லையே.

தீர்ப்பு உடனே முடிந்த முடிவாகாது. முதலில் வருவது டிக்ரி நைசி என்கிற தற்காலிகத் தீர்ப்பு, அது நிரந்தரமாகக் குறைந்தது மூன்று மாதம் வேண்டும். அக்கா படம் பிடித்தது அந்த நைசியின் பிரதியைத்தான். ஆனால் அதை நீக்கக் கேட்பதற்குப் பிரதி கிடைத்ததிலிருந்து 14 நாள்தான். இந்தியாவில் 30 நாள், அழைப்பாணை ஒழுங்காகச் சேரவில்லையென்றால் விஷயம் தெரியவந்த நாளிலிருந்து எண்ணுவார்கள். வீட்டுக்காரியிடம் ஒரு நாள் லீவு கேட்டு, தூதரகத்துக்குப் போய் சத்தியக்கடதாசியிலும், சட்டத்தரணியை நியமிக்கிற பிரக்சியிலும் கையெழுத்து வைத்து மச்சாள் கூரியரில் அனுப்ப, அது எங்கள் கையில் கிடைத்தபோது பதினோராம் நாள். பன்னிரண்டாம் நாள் மனுப் போட்டோம்.

வழக்கைத் திருப்பியது ஒரு பிஸ்கட் டின். மச்சாள் மாதாமாதம் மனிசனுக்கு அனுப்பிய காசின் ரசீதுகளை அவளுடைய தங்கச்சி அதில் போட்டு வைத்திருந்தாள், சிலதில் எழுத்தே மங்கிப் போயிருந்தது. கைவிட்டுப் போகிறவள் கூரைக்கு ஓடு வாங்கக் காசு அனுப்புவாளா? அதோடு தூதரக முத்திரை, அவளுடைய பாஸ்போர்ட், சீதன வீட்டின் உறுதி, கிராம சேவகரின் கடிதம். தவறியதற்கு நியாயமான காரணம் இருக்கிறதென்று நீதிமன்றம் ஏற்று, தீர்ப்பை நீக்கி, மறுமொழி போட இடம் கொடுத்தது.

இதைக் கேட்டு "அப்ப சேர்ந்து வாழப் போறாங்களா?" என்று கேட்கிறவர்களுக்கு: இல்லை. மச்சாளுக்கும் அந்த மனிசன் வேண்டாம். கைவிட்டது அவர்தான் என்று எதிர்க்கோரிக்கை போட்டிருக்கிறாள், பிள்ளைகளையும் தாபரிப்பையும் கேட்டிருக்கிறாள்.

முதல் தவணையன்று நீதிமன்ற வாசலில் மனிசனைக் கண்டேன். ஏன் அந்த விலாசத்தைக் கொடுத்தீங்க என்று கேட்டேன். "அவள் எங்கட வீட்டுக்குத்தானே வாழ வந்தவள்" என்றார். அவர் தங்கியிருப்பது இப்போதும் மச்சாளின் சீதன வீட்டில், அவள் காசில் போட்ட ஓட்டுக்குக் கீழே.