"அவங்களுக்குத் தெரியுமா சார்?"

விண்வெளி பற்றிப் பேசப் போயிருந்த பள்ளியில் எட்டாம் வகுப்பு மாணவி ஒருத்தி கேட்டாள். "தெரியாதும்மா" என்றேன். "சரி சார்" என்று உட்கார்ந்துவிட்டாள். அடுத்துக் கை தூக்கிய பையன் விண்வெளியில் கழிப்பறைக்கு எப்படிப் போவார்கள் என்று கேட்டான். வகுப்பே சிரித்தது. நானும் அதற்குத் தாவிவிட்டேன். நாலு மாதம் ஆகிறது.

கொலம்பியா விண்ணோடத்தைப் பற்றி அப்போதுதான் சொல்லி முடித்திருந்தேன். புறப்பட்டு சுமார் 82 விநாடியில் எரிபொருள் தொட்டியிலிருந்து பெயர்ந்த நுரைத் துண்டு இடது இறக்கையின் முன்விளிம்பில் மோதி ஓட்டை போட்டது. 2003 பிப்ரவரி 1 அன்று திரும்பும்போது அந்த ஓட்டை வழியாகக் கொதிக்கும் காற்று உள்ளே புகுந்தது. தரையிறங்க 16 நிமிடம் இருக்கையில் ஓடம் சிதறி, கல்பனா சாவ்லா உட்பட ஏழு பேரும் போனார்கள்.

எதைத் தெரியுமா என்று கேட்டாள்? அதைக்கூட நான் திருப்பிக் கேட்கவில்லை.

நுரை மோதியதையா? அது தெரியும். ஜனவரி 23 அன்று தரையிலிருந்து கமாண்டருக்கு மின்னஞ்சல் போனது. முன்பும் இப்படி நடந்திருக்கிறது, திரும்புவதில் கவலைப்பட ஏதுமில்லை என்று அதில் இருந்தது. இறக்கையைப் படமெடுத்துப் பார்க்கவேண்டும் என்று பொறியாளர்கள் சிலர் கேட்டதும், அது நடக்காமல் போனதும் விசாரணையில் வெளிவந்தன. சாகப்போகிறோம் என்பதையா? ஓடம் கட்டுப்பாட்டை இழந்தது கடைசி விநாடிகளில் அவர்களுக்குத் தெரிந்திருக்கும் என்கிறது 2008இல் வந்த நாசா அறிக்கை. இரண்டையும் நான் படித்தவன்.

ஆனால் பதின்மூன்று வயதுப் பிள்ளையிடம், மணி அடிக்கப் பத்து நிமிடம் இருக்கும்போது, வேறு என்ன சொல்வது? ஒன்றைச் சொன்னால் அதைத் தாங்கிப் பேசவும் நேரம் வேண்டும். ராத்திரி அவள் தூங்கவேண்டாமா? இப்படி நினைத்தால் நான் செய்தது சரி என்றே படுகிறது.

அப்புறம் இன்னொன்று நினைவுக்கு வரும். விண்வெளியில் ஈர்ப்பே இல்லை என்று யாராவது சொன்னால் நான் விடமாட்டேன். 400 கிலோமீட்டர் உயரத்தில் தரையில் இருப்பதில் கிட்டத்தட்ட 90 சதவீதம் ஈர்ப்பு இருக்கிறது, விண்வெளி நிலையமும் அதில் இருக்கும் ஆட்களும் சேர்ந்து விழுந்துகொண்டே இருப்பதால்தான் மிதக்கிறார்கள் என்று பந்தை எறிந்து காட்டி, கால் மணி நேரம் செலவழிப்பேன். புரிகிற மாதிரி இருக்கிறதே என்று தப்பைச் சொல்லக்கூடாது என்பேன். அவ்வளவு பிடிவாதம் உள்ளவன், அந்தப் பிள்ளையிடம் மட்டும் சுலபமான பதிலைச் சொல்லிவிட்டேன். அவளைக் காப்பாற்றவா, என்னைக் காப்பாற்றிக்கொள்ளவா?

கவலைப்பட ஏதுமில்லை என்று எழுதியவரும் அதை நம்பித்தான் எழுதியிருப்பார். நான் நம்பிச் சொல்லவில்லை.

அதே பள்ளியில் அடுத்த மாதம் மறுபடி கூப்பிட்டிருக்கிறார்கள். இந்த முறை விபத்தெல்லாம் வேண்டாம், இந்தியாவின் ககன்யான் விண்பயணத் திட்டம் பற்றி மட்டும் பேசுங்கள் சார், பிள்ளைகள் பயப்படுகிறார்கள் என்றார் தலைமையாசிரியை. சரி என்று சொல்லிவிட்டேன். கொலம்பியா ஸ்லைடை இன்னும் எடுக்கவில்லை.