பாஸ்போர்ட் எழுத வருகிறவர்கள்

மார்த்தாண்டம் பஸ் ஸ்டாண்டுக்குப் பக்கத்தில் 14 வருஷமாக பிரவுசிங் சென்டர் வைத்திருக்கிறேன். பாஸ்போர்ட் விண்ணப்பம், விசா பிரிண்ட், திருவனந்தபுரத்திலிருந்து டிக்கெட், பணம் அனுப்புவது எல்லாம் உண்டு. தேங்காப்பட்டணம், தூத்தூர் பக்கத்துக் கடற்கரைக்காரர்களும் குலசேகரம், அருமனை பக்கத்து ரப்பர்க்காரர்களும் என் கடையில் ஒரே பெஞ்சில்தான் உட்காருவார்கள்.

போன வருஷம் ஒரு கல்லூரிப் பெண் இடப்பெயர்வு பற்றிய ப்ராஜெக்டை டைப் செய்யக் கொடுத்தாள். எவரெட் லீ என்பவர் 1966-இல் எழுதியதாம், ஒருவர் இடம்பெயர்வதை முடிவு செய்பவை நாலு: சொந்த ஊரில் தள்ளுகிற காரணங்கள், போகிற ஊரில் இழுக்கிற காரணங்கள், நடுவில் வரும் தடைகள், அப்புறம் அந்த ஆளுடைய சொந்த நிலைமை. அந்த 'நடுவில் வரும் தடைகள்' என்ற வரியை அடிக்கும்போது கை நின்றுவிட்டது. அதெல்லாம் என் மேசையில்தானே கிடக்கிறது! பத்தாம் வகுப்பு பாஸ் ஆன சான்றிதழ் இல்லையென்றால் பாஸ்போர்ட்டில் ஈசிஆர், அதாவது 'குடிபெயர்வுச் சோதனை தேவை' என்ற குறிப்பு விழும், அப்புறம் சவூதிக்கோ குவைத்துக்கோ வேலைக்குப் போக குடிபெயர்வு அனுமதி தனியாக வாங்க வேண்டும். பதிவு பெற்ற ஏஜென்ட் வரியைத் தவிர 30,000 ரூபாய்க்கு மேல் வாங்கக் கூடாது என்பது சட்டம். பெஞ்சில் உட்காருகிற எல்லோரிடமும் இதைச் சொல்கிறேன். கேட்டுவிட்டு, 'ஒண்ணரை லட்சம் குடுத்தாச்சே மக்களே' என்பார்கள். எனக்கு வயிறு எரியும்.

எதற்குப் போகிறீர்கள் என்று கேட்டால் முதலில் எல்லோரும் சம்பளத்தைத்தான் சொல்வார்கள், அங்கே இவ்வளவு தருகிறான், சாப்பாடு ரூம் ஃப்ரீ என்று. மனைவி பெயர், அவசரத்துக்குக் கூப்பிட வேண்டிய நம்பர் என்று ஒவ்வொரு கட்டமாக நிரப்பிக்கொண்டு வரும்போதுதான் மற்றது வெளியே வரும்.

அருமனைப் பக்கத்திலிருந்து ஒருவர் வந்தார், 46 வயது. பாஸ்போர்ட்டுக்குக் கட்ட வேண்டிய 1,500 ரூபாயை தன் பேங்க் கணக்கிலிருந்து ஆதார் ரேகை வைத்து என்னிடமே எடுக்கப் பார்த்தார், மிஷின் ஏற்கவில்லை. பெருவிரலை வேட்டியில் துடைத்து வைத்தார், ஈரத்துணியில் ஒற்றி வைத்தார், ஆறு தடவை. சின்ன வயதிலிருந்து ரப்பர் பால் வெட்டுகிற கை. மரத்தில் உறைந்த ஒட்டுப்பாலை உரித்து உரித்து விரல் நுனி பளிங்கு மாதிரி வழுவழுவென்று இருந்தது. 'தேஞ்சு போச்சு பிள்ளே' என்றார். கடைசியில் இடது மோதிரவிரல் பதிந்தது. 2011-இல் ரப்பர் கிலோ 200 ரூபாயைத் தாண்டி விற்றபோது, அந்தத் தைரியத்தில் கடன் வாங்கி வீட்டுக்கு அஸ்திவாரம் போட்டாராம். 2016 தொடக்கத்தில் விலை 100-க்கும் கீழே வந்துவிட்டது. வட்டி மட்டும் இறங்கவில்லை. ஆனாலும் அவர் உடனே கிளம்பிவிடவில்லை, அதற்கப்புறமும் பல வருஷம் இங்கேயே கிடந்து பார்த்திருக்கிறார். போன மாதம் மச்சினன் மஸ்கட்டிலிருந்து போன் பண்ணி, 'அத்தான், இங்க ஒரு ஆள் வேணும், நான் சொல்லி வச்சிருக்கேன்' என்றதும்தான் என் கடைக்கு வந்தார்.

இத்தனை வருஷத்தில் எனக்குப் புரிந்தது இதுதான். தள்ளுகிற காரணம் எத்தனை வருஷமானாலும் மனுஷர் பொறுத்துக்கொள்வார். இழுப்பதற்கு அங்கே தெரிந்த ஒரு ஆள் வேண்டும். ஒரே தெருக்காரர்கள் எல்லோரும் ஒரே நாட்டுக்கு விண்ணப்பம் எழுத வருவது அதனால்தான்.

ஆனால் ஒக்கிக்கு அப்புறம் வந்த ஒரு அம்மாவுக்கு இந்தக் கணக்கு பொருந்தவில்லை. 2017 நவம்பர் 30-ஆம் தேதிப் புயலில் அவருடைய மூத்த மகன் திரும்பவில்லை. இரண்டாவது மகனின் சான்றிதழ்களை பிளாஸ்டிக் கவரில் சுற்றிக் கொண்டுவந்திருந்தார். எந்த நாடு என்று கேட்டேன். 'எந்த நாடுன்னாலும் சரி மக்களே, கடல் மட்டும் வேண்டாம்' என்றார். எவ்வளவு சம்பளம் என்று அவர் கேட்கவே இல்லை. அவருக்கு அங்கே கூப்பிட ஆளும் இல்லை. அன்றைக்கு நான் காசு வாங்கவில்லை.

அதே ப்ராஜெக்டில் ரேவன்ஸ்டைன் என்றொருவர் வந்தார். 1885-இல் பிரிட்டன் மக்கள்தொகைக் கணக்கை வைத்து எழுதியவர். பக்கத்து ஊர்க்காரர்கள் நகரத்துக்குப் போனால், அவர்கள் விட்டுப்போன இடத்தை இன்னும் தூரத்திலிருந்து வருகிறவர்கள் நிரப்புவார்கள் என்கிறார். அதைப் படித்ததும் சனிக்கிழமை சாயங்காலம்தான் ஞாபகம் வந்தது. இங்குள்ள கொத்தனார்களும் கையாள்களும் கல்ஃப் நாடுகளுக்குப் போய்விட, இப்போது கட்டட வேலையில் நிற்பது ஜார்கண்ட், பீகார், ஒடிசா பையன்கள். சனிக்கிழமை கூலி வாங்கியதும் வீட்டுக்குப் பணம் அனுப்ப என் கடையில்தான் வரிசை. சிமெண்ட் ஒட்டின கால், கையில் சுருட்டின ஐந்நூறு ரூபாய் நோட்டுகள். ஊரில் மழைக்கு ஒரு போகம் விளையும், மற்ற மாதமெல்லாம் சும்மாதான் என்று அரைகுறைத் தமிழில் சொல்வார்கள். அவர்களையும் அண்ணனோ மாமனோதான் கூப்பிட்டிருப்பான்.

அவர்களில் ஒரு ஜார்கண்ட் பையன் நாலு வருஷமாக வருகிறான். போன சனிக்கிழமை பணம் அனுப்பி முடித்த பிறகும் போகாமல் நின்றான். 'அக்கா, பாஸ்போர்ட் எவ்வளவு? மேஸ்திரி தம்பி சவூதியில இருக்காரு, வரச் சொல்றாரு' என்றான். உட்காரச் சொன்னேன். பெஞ்சில் அந்த அருமனைக்காரர், டிக்கெட் பிரிண்ட் வாங்க வந்தவர், கொஞ்சம் நகர்ந்து இடம் கொடுத்தார்.

'பத்தாம் கிளாஸ் பாஸா தம்பி?' என்று கேட்டேன்.