நிமிர்ந்து நின்ற பிறை

நினைவு மலர்க் குழுவிலிருந்து இரண்டாம் முறையும் போன் வந்த பிறகுதான் இதை எழுத உட்கார்ந்தேன். "சேரைப் பற்றி நீர்தான் எழுத வேணும். உமக்குத்தானே அந்தப் பட்டம் கிடைச்சது" என்றார் செயலாளர். நாற்பது வருடத்துக்கு மேலாகியும் ரொறன்ரோ ஒன்றுகூடல்களில் யாரும் என்னைப் பெயர் சொல்லிக் கூப்பிடுவதில்லை. "பிறை வந்திட்டான்", "பிறைக்கு ஒரு பிளேன்ரீ". என் மனைவிக்கே பழகிவிட்டது.

சேர் போன மாசியில் காலமானார். பிறைக் கதை தெரியாத பிற்கால மாணவர்களுக்காகக் கொஞ்சம் சொல்கிறேன்.

யாழ்ப்பாணம், 1982 ஜனவரி 9, சனிக்கிழமை. திருவெம்பாவைக் காலம். அன்றிரவு முழுச் சந்திர கிரகணம். நள்ளிரவு தாண்டி நிலவு செம்புக் குடம் மாதிரிச் சிவந்தது. அம்மம்மா உள்ளே வரச் சொல்லிக் கத்திக்கொண்டிருக்க, நான் கிணற்றடியில் நின்றேன். வாளித் தண்ணீருக்குள்ளும் அதே செம்பு. காலால் வாளியை மெல்லத் தட்டினால் அது உடைந்து உடைந்து கூடியது.

அந்த வாரமே எட்டாம் வகுப்புக் கையெழுத்துச் சஞ்சிகைக்கு ஒரு கதை எழுதினேன். பிறைநாடு என்றொரு உலகம். அங்கே வருடத்தில் ஒரு மாலை மட்டும் பிறை கத்தி மாதிரி நிமிர்ந்து நிற்கும். அப்போது ஊர்க் கிணறு விளிம்புவரை பொங்கும். அதுவரை உள்ளே விழுந்ததெல்லாம் மேலே வரும். அறுந்த வாளி, காப்பு, யாரோ ஒருவரின் பல் செட்டுக் கூட. நிலாவரைக் கிணறுதான் மனதில் இருந்தது. அங்கே போட்ட எலுமிச்சம்பழம் கீரிமலைக் கேணியில் மிதக்கும் என்று எங்கள் பக்கத்தில் சொல்வார்களே, அதை நான் இன்னும் கொஞ்சம் நீட்டினேன். மேலே நல்ல தண்ணீர், ஆழத்தில் உப்பு என்பதையும் சேர்த்துக்கொண்டேன், விஞ்ஞானமும் இருக்கட்டும் என்று.

வெள்ளிக்கிழமை மாணவர் மன்றத்தில் அதை வாசிக்கச் சொன்னார்கள். தலைமை, விஞ்ஞானம் படிப்பித்த நம் சேர். மூன்றாவது வரியிலேயே கையைத் தூக்கினார்.

"நில், நில். பிறை எப்பிடி நிக்குதெண்டு சொன்னனீ?"

"கத்தி மாதிரி, சேர்."

"அப்ப சூரியன் எங்க?"

"மறைஞ்சிட்டுது, சேர்."

"எந்தப் பக்கம்? காங்கேசன்துறைப் பக்கமோ?"

காங்கேசன்துறை எங்களுக்கு வடக்கே. பின் பெஞ்சுகள் அதிர்ந்தன. சேர் சோக்கட்டியை எடுத்தார். பிறையின் வெளிச்சப் பக்கம் எப்போதும் சூரியனைத்தான் பார்க்கும். எங்கள் ஊரில் சூரியன் ஏறக்குறைய நேர் கீழே இறங்குகிறது. ஆகவே பிறையின் வயிறும் கீழே, தோணி மாதிரி. "ஒரு நாளெண்டாலும் வானத்தைப் பாத்திருக்கிறியோடா?" கிணற்றுக்குள்ளிருந்து என்ன வந்தது என்று யாருமே கேட்கவில்லை.

தண்டனை, ஒரு மாதம் தினமும் நிலவை நேரத்தோடு கொப்பியில் கீறிக் கொண்டுவருவது. நாலாம் பிறை பார்த்தால் நாய் படாத பாடு என்று அம்மம்மா கண்ணைப் பொத்திவிட்டதால் அந்த ஒரு பக்கம் வெறுமையாகப் போனது. அதற்காக முழங்காலில் நின்றேன். நாய் படாத பாடு பார்க்காமலேயே கிடைத்துவிட்டது! ஆனால் பௌர்ணமிக்குப் பிறகு நிலவு ஒவ்வொரு நாளும் முக்கால் மணி, ஐம்பது நிமிடம் என்று பிந்தி எழும்புவதை எந்தப் புத்தகமும் இல்லாமல் கிணற்றுக்கட்டில் குந்தியிருந்து கண்டுபிடித்தவன் நான். கொப்பியின் கடைசிப் பக்கத்தில் சேர் சிவப்பு மையில் ஒரு சரி மட்டும் போட்டார். பாராட்டெல்லாம் அவருக்கு வராது.

1988 ஒக்டோபரில் இங்கே வந்து சேர்ந்தேன். ஸ்காபுரோவில் ஒரு மாலை, வேலை முடிந்து பஸ்ஸுக்கு நிற்கிறேன். கட்டடங்களுக்கு மேலே பிறை. கத்தி மாதிரி நிமிர்ந்து நின்றது.

அசந்துபோனேன். அப்புறம் அறைக்குப் போய்ப் படம் கீறிப் பார்த்தேன். யாழ்ப்பாணம் வடக்கே பத்துப் பாகை கூட இல்லை. ரொறன்ரோ கிட்டத்தட்ட 44. இலையுதிர் காலத்தில் இங்கே சூரியனும் பிறையும் அடிவானத்தை ஒட்டிச் சரிந்து சரிந்து போகின்றன. வெளிச்சப் பக்கம் கீழே இல்லை, பக்கவாட்டில். சேர் சொன்ன அதே விதிதான். பங்குனி, சித்திரையில் இங்கேயும் தோணி மாதிரிப் படுக்கிறது என்பது பிறகுதான் தெரிந்தது. அன்றிரவே ஏரோகிராம் வாங்கி வந்து "அன்புள்ள சேர், என்னுடைய பிறை நிற்கிறது" என்று தொடங்கினேன். வென்றவனின் கடிதம் போல இருந்தது. இரண்டாவது வேலைக்கும் நேரமாகிவிட்டது.

சேரின் அஞ்சலிக் கூட்டம் சூமில் நடந்தது. சஞ்சிகைக்கு எழுத்து எழுதியவன் இப்போது ஜெர்மனியில் இருக்கிறான். என் கதையின் ஓரத்தில் சேர் சிவப்பு மையில் எழுதியதை நான் எல்லோருக்கும் சொல்லிச் சிரித்தேன்: "பிறை இப்படி நிற்காது."

"இல்லையடா" என்றான் அவன். "'இங்கு பிறை இப்படி நிற்காது' எண்டுதான் எழுதினவர். பிரதி எடுத்தவன் நான்."

சஞ்சிகையும் கொப்பியும் 1995 யாழ்ப்பாண இடப்பெயர்வோடு போய்விட்டன. அவன் சொன்னால் சரியாகத்தான் இருக்கும். எழுத்துப் பிழைக்கு எங்களிடம் காசு வாங்கியவன். அந்த ஒரு சொல்லை நான் எப்படித் தவறவிட்டேன் என்று தெரியவில்லை. அவருக்கு அப்போதே தெரிந்திருக்கிறது. கேட்டிருந்தால் சொல்லியிருப்பார். முப்பத்தைந்து வருடமாக போனாவது எடுத்திருக்கலாம்.

மலரில் போட ஒரு படம் கேட்டார்கள். போன வாரம் மாலை வீட்டு வாசலில் நின்று போனில் பிறையை எடுத்தேன். தெருவிளக்குக்குப் பக்கத்தில் ஒரு வெள்ளைப் பொட்டுத்தான் விழுந்திருக்கிறது. நிற்கிறதா படுத்திருக்கிறதா என்று பார்த்தால் தெரியாது. பரவாயில்லை, அதையே அனுப்பியிருக்கிறேன்.