டாக்டருக்குப் படித்த சண்டை ஹீரோ

தூக்கம் வராத ராத்திரியில் ‘துன்யாயி குர்தாரன் ஆதம்’ மறுபடி பார்த்தேன். ‘உலகைக் காப்பாற்றிய மனிதன்’ என்று அர்த்தம். 1982ல் வந்த துருக்கிப் படம். விண்வெளிச் சண்டைக்கு ஸ்டார் வார்ஸிலிருந்தே துண்டு துண்டாக வெட்டி ஒட்டியிருப்பார்கள். ஹெல்மெட்டோடு ஹீரோ உட்கார்ந்திருப்பார், முதுகுக்குப் பின்னால் அந்தக் காட்சிகள் ஓடும், அவ்வளவுதான் விண்கலம்! அப்புறம் காலில் பாறையைக் கட்டிக்கொண்டு குதிப்பார், வெறுங்கையால் பாறையை அடிப்பார். சிரித்து வயிறு வலித்தது.

ஆனால் அந்த ஹீரோ ஜுனெய்த் அர்கின் (நம்ம ஊர் ‘ஜுனைத்’ என்ற பெயர்தான்) லேசுப்பட்ட ஆள் இல்லை. 1937ல் எஸ்கிஷெஹிர் பக்கத்துக் கிராமத்தில் பிறந்து, இஸ்தான்புல்லில் எம்பிபிஎஸ் மாதிரி முழுசாக மருத்துவம் படித்தவர். ராணுவ சேவையில் இருந்தபோது அங்கே ஷூட்டிங் வந்தவர்கள் கண்ணில் பட, 60களில் சினிமாவுக்குப் போய்விட்டார். முதலில் காதல் நாயகன். பிறகு மெட்ரானோ சர்க்கஸில் வித்தை கற்று, மல்கோச்சோலு, பத்தால் காஸி என்று சரித்திர வாள்வீரனாக ஒரு தலைமுறையையே கட்டிப்போட்டார். டூப் போடாமல் குதிரையிலிருந்து பாய்வதுதான் அவர் முத்திரை.

கிட்டத்தட்ட 300 படம். 1978ல் வந்த ‘மாதென்’ல் சுரங்கத் தொழிலாளியாக வருவார், இன்னொரு துருக்கி நட்சத்திரமான தாரிக் அகானும் உண்டு. குட்டிக்கரணம் எதுவும் கிடையாது. இந்த மனுஷனை வெறும் கேலிப்படத்தோடு முடிச்சுப் போடுவது எனக்குப் பிடிக்கவில்லை. நானும் அப்படித்தான் அவரைத் தெரிந்துகொண்டேன் என்பது வேறு விஷயம்.

2022 ஜூனில், 84 வயதில் போய்ச் சேர்ந்தார். இன்று ராத்திரி ‘மாதென்’.