சம்பளம் கேட்டு நீதிமன்றம் போனபோது

சுயநிதிப் பொறியியல் கல்லூரியில் வேலை பார்த்தவர்களுக்கு "அட்மிஷன் முடியட்டும் சார், மொத்தமாப் போட்டுடறோம்" என்ற பதில் பழக்கமானது. எங்கள் கல்லூரியில் சம்பளத் தேதி முதலில் மாதக் கடைசிக்குத் தள்ளிப்போனது. பிறகு பாதிச் சம்பளம் வந்தது. அப்புறம் அதுவும் நின்றது. கோடையில் பிளஸ் டூ முடித்த பிள்ளைகளின் வீடு வீடாக எங்களை அனுப்பினார்கள். ஆள் சேர்க்காதவருக்குச் சம்பளத்தை நிறுத்திவைக்க அதுவே காரணமாயிற்று. வேலையை விடலாமென்றால் அசல் சான்றிதழ்கள் அலுவலக பீரோவில் இருந்தன.

வழக்குப் போடுவது என்று முடிவெடுத்தோம். எங்கே போடுவது? முதலாளி–தொழிலாளி தகராறுகளுக்காக அன்று இருந்த தொழிற்தகராறு சட்டத்தில், கல்வி நிறுவனமும் தொழில் என்ற வரையறைக்குள் வரும் என்று பெங்களூர் குடிநீர் வாரிய வழக்கில் 1978இல் உச்ச நீதிமன்றம் சொன்னது. ஆனால் அதே சட்டப்படி ஆசிரியர் தொழிலாளர் ஆகமாட்டார் என்று 1988இல் சுந்தராம்பாள் வழக்கில் தீர்ப்பளித்தது. அதனால் எங்கள் பஸ் டிரைவரும் ஒர்க்‌ஷாப் உதவியாளரும் தொழிலாளர் துறையில் மனு கொடுக்க முடிந்தது. வகுப்பெடுத்த எங்களுக்கு அந்த வாசல் கிடையாது. இன்றுவரை எனக்கு ஆறாத விஷயம் இது.

சிவில் கோர்ட்டுக்குப் போகலாம், மூன்றாண்டுக் காலவரம்புக்குள். ஆனால் வாய்தா வாங்கியே வருடங்கள் ஓடிவிடும். மிச்சம் இருந்தது உயர் நீதிமன்றத்தில் அரசியலமைப்புச் சட்டத்தின் 226ஆவது பிரிவின்கீழ் ரிட் மனு, அதாவது அதிகாரிகளுக்கு உத்தரவிடும்படி கேட்கும் மனு. அரசு உதவிபெறும் கல்லூரி ஊழியருக்கு இந்த வழியில் பிடிமானம் உண்டு. அவர்களின் சம்பளம் அரசு மானியத்திலிருந்து வருவதால் கல்லூரிக் கல்வி இணை இயக்குநரையே பதில் சொல்ல வைக்கலாம். சுயநிதிக் கல்லூரி என்றால், "இது தனியார் ஒப்பந்தத் தகராறு, ரிட் செல்லாது" என்றுதான் எதிர்த்தரப்பு தொடங்கும். 2022இல் செயின்ட் மேரிஸ் கல்விச் சங்க வழக்கில் வந்த உச்ச நீதிமன்றத் தீர்ப்பு அந்த வாதத்துக்கு இன்னும் பலம் கொடுத்தது. எனவே எங்கள் வக்கீல் வேறு மாதிரி மனுவை எழுதினார்: கண்காணிக்க வேண்டிய அதிகாரிகளிடம் புகார் கொடுத்தோம், பதிலில்லை, நடவடிக்கை எடுக்க உத்தரவிடுங்கள்.

காகிதம் சேர்க்கத் தொடங்கியபோதுதான் எங்கள் நிலைமை முழுதாகப் புரிந்தது. பலருக்குப் பணி நியமன ஆணையே தந்திருக்கவில்லை. பேஸ்லிப் கிடையாது. நிர்வாகமோ தன் எதிர்வாக்குமூலத்தில், பலர் சொல்லாமல் வேலையை விட்டுப் போனதாக எழுதியிருந்தது. எங்களைக் காப்பாற்றியவை யாரும் பத்திரப்படுத்த நினைக்காத தாள்கள்: துறைத்தலைவர் கையெழுத்திட்ட டைம்டேபிள், இன்டர்னல் மார்க் பட்டியல், கல்லூரிப் பெயரோடு பல்கலைக்கழகம் அனுப்பிய விடைத்தாள் திருத்தும் பணி ஆணை, சம்பளம் வந்த மாதங்களின் வங்கிக் கணக்கு விவரம். புகாரைப் பதிவுத் தபாலில் அனுப்பி ஒப்புகை அட்டையை வைத்திருந்ததும் உதவியது. இப்போது வேலைக்குச் சேரும் இளைஞர்களிடம் முதல் நாளிலிருந்தே இவற்றை எடுத்து வையுங்கள் என்று கெஞ்சாத குறையாகச் சொல்கிறேன்.

உத்தரவு வந்த அன்று ஸ்டாஃப் ரூமில் ஜெயித்துவிட்டோம் என்றார்கள். ஆனால் அந்த உத்தரவு எங்கள் கோரிக்கையைத் தகுதி அடிப்படையில் 12 வாரங்களுக்குள் பரிசீலிக்கும்படி அதிகாரிக்குச் சொல்லியிருந்தது, அவ்வளவுதான். சம்பளம் கொடு என்று அதில் ஒரு வரியும் இல்லை. பரிசீலித்து நிராகரித்தாலும் உத்தரவை நிறைவேற்றியதாகவே ஆகும். அதிகாரி ஒன்றுமே செய்யாவிட்டால் ஓராண்டுக்குள் அவமதிப்பு மனு போட வேண்டும். அதைத் தவறவிட்டவர்களை எனக்குத் தெரியும்.

2025 ஆகஸ்டில் குஜராத்தின் ஒப்பந்த உதவிப் பேராசிரியர்கள் வழக்கில், அவர்கள் மாதம் 30,000 ரூபாய்க்கு வேலை செய்வதைக் கண்டு உச்ச நீதிமன்றம் வருந்தியது. மேடைகளில் குருர் பிரம்மா என்று ஓதினால் மட்டும் போதாது என்றது. அதைப் படித்தபோது எனக்குக் கண் கலங்கிவிட்டது. ஆனால் அங்கே சம்பளம் தர வேண்டியது அரசு. எங்கள் முதலாளிகளுக்கு அப்படிச் சொல்ல யாருமில்லை. ஆண்டுதோறும் கல்லூரிக்குப் பல்கலைக்கழக இணைப்பைப் புதுப்பிக்கும்போது, ஆசிரியர்களின் வங்கிக் கணக்கில் சம்பளம் ஏறியதா என்று பார்த்தாலே பாதி வழக்குகள் வராது.

அதிகாரி விசாரணைக்கு அழைத்த பிறகுதான் நிர்வாகம் பேச வந்தது. பாக்கியில் பாதி, கூடவே அசல் சான்றிதழ்கள். பதிலுக்கு, எல்லாம் பெற்றுக்கொண்டோம் என்று கையெழுத்துப் போட வேண்டும். வாடகையும் பிள்ளைகளின் ஸ்கூல் ஃபீஸும் நெருக்கியவர்கள் போட்டுவிட்டார்கள். அவர்கள்மேல் எனக்குத் துளியும் வருத்தமில்லை. நாங்கள் சிலர் போடவில்லை. எங்கள் பாக்கி இன்னும் வரவில்லை.