போர்க்கால இலக்கியக் கேள்விக்கு நான் தயாரான விதம்

எம்.ஏ. ஆங்கில இலக்கியம் படிப்பவர்களுக்கு 'போர்க்காலத்தில் எழுத்தாளர்களின் பங்கு' என்ற கட்டுரை வினா பழக்கமானதுதான். போரைப் போற்றியவர்கள், எதிர்த்தவர்கள் என்று இரண்டாகப் பிரித்து எழுதுவதே வழக்கம். நான் முதல் உலகப் போரை மட்டும் எடுத்துக்கொண்டேன். எந்தக் கவிதையைப் படித்தாலும் அது எந்த ஆண்டு எழுதப்பட்டது, எழுதியவர் அப்போது எங்கே இருந்தார் என்று பக்கத்தில் குறித்துவைத்தேன்.

1914 செப்டம்பரில் பிரிட்டிஷ் அரசின் போர்ப் பிரசார அலுவலகமான லண்டன் வெலிங்டன் ஹவுஸில் அதன் தலைவர் சார்லஸ் மாஸ்டர்மேன் கூட்டிய கூட்டத்துக்கு ஹார்டி, வெல்ஸ், கோனன் டாயில் போன்ற எழுத்தாளர்கள் எல்லோரும் வந்தார்கள். அரசுக்காக எழுதப்பட்டவை சாதாரணப் பதிப்பகங்கள் வழியாகவே வெளிவந்ததால், பின்னால் அரசு இருப்பது வாசகர்களுக்குத் தெரியவில்லை. இதை அவசியம் எழுதுங்கள். ரூபர்ட் புரூக்குக்கு இரண்டு வரி போதும்: போரைப் போற்றிய புகழ்பெற்ற சானெட்டுகளை (பதினான்கு வரிக் கவிதைகளை) எழுதியவர், 1915 ஏப்ரலில் துருக்கியின் கலிப்போலிப் போர்முனைக்குப் போகும் வழியிலேயே நோயில் இறந்தார்.

எழுத்தாளர் கிப்ளிங்கை எந்தப் பக்கம் வைப்பீர்கள்? போருக்கு ஆள் சேர்க்கப் பேசியவர், கண்பார்வை குறைந்த மகனையும் சிபாரிசு செய்து படையில் சேர்த்தார். 1915இல் லூஸ் போரில் மகன் இறந்தான். தந்தையர் பொய் சொன்னதால்தான் நாங்கள் செத்தோம் என்று 1919இல் அவரே எழுதினார்.

படையில் இருந்துகொண்டே போரை எதிர்த்து எழுதிய கவிஞர்கள் சசூன், ஓவன் இருவரிடமும் எந்தப் பக்கம் வைப்பது என்ற இதே சிக்கல்தான். சசூனின் போர் எதிர்ப்பு அறிக்கை 1917 ஜூலையில் நாடாளுமன்றத்தில் வாசிக்கப்பட்டது. அறிக்கை விட்ட பிறகு அவர் அனுப்பப்பட்ட எடின்பரோ ராணுவ மருத்துவமனையில்தான் ஓவனைச் சந்தித்தார். இருவருமே மறுபடி போர்முனைக்குத் திரும்பினார்கள். 1918 நவம்பர் 4 அன்று, போர் முடிய ஒரே வாரம் இருக்கும்போது, ஓவன் கொல்லப்பட்டார். உயிரோடு இருந்தபோது அச்சில் வந்த அவர் கவிதைகள் மிகக் குறைவு. தொகுப்பு வந்தது 1920இல். ஆகவே கேள்வியில் உள்ள 'போர்க்காலத்தில்' என்ற சொல்லை விட்டுவிடாதீர்கள். அந்தக் காலத்தில் நாட்டுக்குக் கேட்டது புரூக்கின் குரல், ஓவனுடையது அல்ல. என் கட்டுரையின் மையமே இதுதான்.

ஓவனின் குறிப்பேட்டில் தாகூரின் கீதாஞ்சலி வரிகள் இருந்ததை அவர் தாய் 1920இல் தாகூருக்கே எழுதித் தெரிவித்தார். இது மதிப்பெண்ணுக்காக அல்ல, சும்மா தெரிந்துகொள்ளுங்கள்.

சரி, எழுத்து போரின்போதே மக்களைச் சென்று சேர்ந்ததற்கு எதிர் உதாரணம் வேண்டுமானால் இரண்டாம் உலகப் போரில் ரஷ்யாவில் நடந்த லெனின்கிராட் முற்றுகையைப் படியுங்கள். பசியில் மக்கள் செத்துக்கொண்டிருந்த அந்த நகரத்து வானொலியில் ஓல்கா பெர்க்கோல்ட்ஸ் தன் கவிதைகளை வாசித்தார். ஓவன் பத்தியை அடுத்து இவரை வைத்தால் கட்டுரைக்கு நல்ல வலு கிடைக்கும்.